நடந்ததெல்லாம் யதார்த்தம் ஆகிவிடுமா?

2018 நவம்பரில் கோவாவில் நடைபெற்ற 49ஆவது இந்திய சர்வதேசத் திரைப்பட விழாவில் தங்க மயில் விருதையும் 40 லட்சம் ரூபாய் பரிசையும் வென்றது ஓர் உக்ரைன் படம். பெயர் ‘டான்பாஸ்’, இயக்கியவர் செர்கெய் லோஸ்னித்சா. அதே ஆண்டு மே மாதம் கேன்ஸ் விழாவின் ‘அன் செர்டெய்ன் ரிகார்ட்’ பிரிவில் அவருக்குச் சிறந்த இயக்குநர் விருதைப் பெற்றுத் தந்ததும் இதே படம்தான். 2022 பிப்ரவரி 24 அன்று ரஷ்யப் படைகள் உக்ரைனுக்குள் நுழைந்த பிறகு, முன்னரே எடுக்கப்பட்ட இந்தப் படம் புதிய போருக்கான சாட்சியாக மீண்டும் கூண்டில் ஏற்றப்பட்டது.

சாட்சியை விசாரித்தவர்கள் இரு தரப்பினர். ஒரு தரப்பினர் தாராளவாத விமர்சகர்கள். “படத்தில் உள்ளவை யாவும் நடந்தவை, சாதாரண மக்கள் எடுத்து இணையத்தில் பதிவேற்றிய காணொளிகளிலிருந்து அமைக்கப்பட்டவை, ஆகவே இதுவே டான்பாஸின் உண்மை” என்று தீர்ப்பெழுதினார்கள். மற்றொரு தரப்பினர் தம்மை இடதுசாரிகள் என்று அழைத்துக்கொள்பவர்களில் சிலர். “இது நேட்டோவுக்காக எடுக்கப்பட்ட படம், பார்க்கவே தேவையில்லை” என்று அவர்கள் வழக்கைத் தள்ளுபடி செய்தார்கள்.

இரு தீர்ப்புகளும் தவறானவை. இரண்டுக்கும் பதில் ஒரே கடிதத்தில் இருக்கிறது. 1888 ஏப்ரலில் ஆங்கில எழுத்தாளர் மார்கரெட் ஹார்க்னஸுக்கு எங்கெல்ஸ் எழுதிய கடிதம் அது. விவரங்கள் உண்மையாக இருப்பது மட்டும் யதார்த்தவாதம் ஆகாது. வகைமாதிரியான மனிதர்களை வகைமாதிரியான சூழ்நிலைகளில் நிறுத்திக் காட்ட வேண்டும் என்று அதில் அவர் வலியுறுத்தினார். இது முதல் தரப்புக்கான பதில். மன்னராட்சியின் பக்கம் நின்ற பால்சாக்கிடமிருந்து பிரெஞ்சுச் சமூகத்தைப் பற்றித் தொழில்முறை வரலாற்றாசிரியர்களைவிட அதிகம் கற்றுக்கொண்டதாகவும் அதே கடிதத்தில் கூறினார். படைப்பாளியின் அரசியல் சார்பைக் கொண்டு மட்டும் படைப்பை அளக்கலாகாது என்பது இதன் பொருள். இது இரண்டாம் தரப்புக்கான பதில்.

பொய்யின் தொழிற்சாலை

லோஸ்னித்சா 1964இல் பெலாரஸில் பிறந்து கீவ் நகரில் வளர்ந்தவர். கணிதம் படித்து, கீவ் சைபர்னெட்டிக்ஸ் நிறுவனத்தில் ஆய்வாளராகப் பணியாற்றி, பின்னர் மாஸ்கோ திரைப்படக் கல்லூரிக்குச் சென்றவர். லெனின்கிராட் முற்றுகையின் ஆவணக் காட்சிகளைக் கொண்டு 2005இல் அவர் உருவாக்கிய ‘முற்றுகை’ படத்தில் விளக்கவுரை ஒரு சொல்கூட இல்லை. பார், பார்த்து நீயே முடிவு செய் என்பது அவருடைய ஆவணப்படங்களின் முறை.

‘டான்பாஸ்’ ஆவணப்படம் அன்று. நடிகர்களைக் கொண்டு எடுக்கப்பட்ட கதைப்படம். ஆயினும் அதில் தொடர்ச்சியான கதையோ நாயகனோ இல்லை. 2014க்குப் பின் கிழக்கு உக்ரைனில் ரஷ்யாவின் ஆதரவுடன் அமைந்த ‘மக்கள் குடியரசு’களின் ஆட்சிப் பகுதியில் நடப்பதாகப் பதின்மூன்று நிகழ்வுகள் அடுத்தடுத்து வருகின்றன. முதல் காட்சியில் ஒப்பனை வண்டி ஒன்றில் துணை நடிகர்கள் முகத்துக்கு வண்ணம் பூசிக்கொண்டிருக்கிறார்கள். பிறகு அவர்கள் தெருவுக்கு அழைத்துச் செல்லப்படுகிறார்கள். அங்கே குண்டு வெடித்திருக்கிறது. சற்றுமுன் ஒப்பனை செய்துகொண்டவர்கள், தொலைக்காட்சிக் கேமராவின் முன் ‘நேரில் கண்ட பொதுமக்கள்’ ஆகிவிடுகிறார்கள்.

உலகியல் வழக்கு என்றும் நாடக வழக்கு என்றும் தமிழ் இலக்கணம் பிரித்துப் பேசும். நாடக வழக்கை உலகியல் வழக்காக விற்கும் தொழிலையே போர்க்காலச் செய்தி நிறுவனங்கள் நடத்துகின்றன. அந்தத் தொழிற்சாலையின் உட்புறத்தை இத்தனை துல்லியமாகக் காட்டிய படங்கள் குறைவு. படத்தின் இறுதியில் அதே ஒப்பனை வண்டிக்குக் கேமரா திரும்புகிறது. அதே துணை நடிகர்கள் சுட்டுக் கொல்லப்படுகிறார்கள். பொய்யைச் சொல்ல உயிரோடு தேவைப்பட்டவர்கள், அடுத்த பொய்க்குப் பிணமாகத் தேவைப்படுகிறார்கள். அசையாத கேமரா தொலைவில் நின்று, காவலர்களும் செய்திக் குழுவும் வந்து சேர்வதை நெடுநேரம் பார்த்துக்கொண்டிருக்கிறது.

மற்றொரு காட்சியில், பறிக்கப்பட்ட தன் வாகனத்தைக் கேட்டு வியாபாரி ஒருவர் ஆயுதக் குழுவின் அலுவலகத்துக்கு வருகிறார். வாகனத்தை அவரே மனமுவந்து ஒப்படைத்ததாகக் கையெழுத்துக் கேட்கிறார்கள். பிறகு பணமும் கேட்கிறார்கள். பக்கத்து அறைக்குள் அவரைத் தள்ளும்போது, அங்கே அவரைப் போன்ற பலர் கைபேசியில் யார் யாரையோ அழைத்துப் பணத்துக்காக மன்றாடிக்கொண்டிருக்கிறார்கள். புதிய அதிகாரம் தனக்கான மூலதனத்தை எப்படித் திரட்டுகிறது என்பதற்கு இந்த ஒரு காட்சி போதும். ‘மக்கள் குடியரசு’ என்ற பெயரைக் கேட்டவுடன் சிவப்புக் கொடி நினைவு வந்து கண்ணை மூடிக்கொண்ட இடதுசாரிகள் இந்தக் காட்சியைக் கட்டாயம் பார்க்க வேண்டும். பெயர்ப்பலகை வர்க்கத் தன்மையைத் தீர்மானிப்பதில்லை.

ஆகவே படத்தில் உண்மையே இல்லை என்ற வாதம் நிற்காது. எந்த உண்மை இருக்கிறது, எது இல்லை என்பதே கேள்வி.

சுரங்கம் இல்லாத சுரங்க நாடு

டான்பாஸ் என்ற சொல்லே டோனெட்ஸ் நிலக்கரிப் படுகை என்பதன் சுருக்கம். வேல்ஸ் நாட்டைச் சேர்ந்த ஜான் ஹியூஸ் என்ற தொழிலதிபர் இரும்பாலையும் சுரங்கமும் அமைத்ததால், அவர் பெயரில் ‘யூசோவ்கா’ என்று 19ஆம் நூற்றாண்டில் உருவான ஊரே இன்றைய டோனெட்ஸ்க் நகரம். 1989 ஜூலையில் லட்சக்கணக்கான சோவியத் சுரங்கத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தபோது டான்பாஸ் அதன் முதன்மையான களங்களில் ஒன்று. குளிக்கச் சோப்பு வேண்டும் என்பதும் அன்றைய கோரிக்கைகளில் இடம்பெற்றிருந்தது.

சோவியத் ஒன்றியம் வீழ்ந்த பின் சுரங்கங்கள் மூடப்பட்டன. ஊதியம் மாதக்கணக்கில் நிலுவையில் நின்றது. ஆலைகள் ஒரு சில பெருமுதலாளிகளின் கைக்குப் போயின. வேலையிழந்தவர்கள் சட்டவிரோதக் குழிகளில் உயிரைப் பணயம் வைத்து நிலக்கரி தோண்டினார்கள். டோனெட்ஸ்க் நகரின் ஜாஸ்யாட்கோ சுரங்கத்தில் 2007 நவம்பரில் நேர்ந்த ஒரே விபத்தில் நூறுக்கும் மேற்பட்டோர் மாண்டார்கள். 2014இல் துப்பாக்கிகள் வருவதற்கு இருபது ஆண்டுகளுக்கு முன்பே அந்த மண்ணில் ஒரு போர் தொடங்கிவிட்டது. அது மூலதனம் உழைப்பின் மீது தொடுத்த போர்.

‘டான்பாஸ்’ என்று பெயரிட்ட படத்தில் இந்த வரலாற்றின் நிழல்கூட விழவில்லை. சுரங்கத் தொழிலாளி அங்கே ஒரு பாத்திரமாக எழவில்லை. குண்டர்கள், ஊழல் அதிகாரிகள், பொய்யர்கள், வெறிகொண்ட கும்பல் என்றே மக்கள் வருகிறார்கள். சிறைபிடிக்கப்பட்ட உக்ரைன் வீரர் ஒருவரைக் கம்பத்தில் கட்டிவைத்து, வழிப்போக்கர்கள் அடித்தும் அவமதித்தும் களிக்கும் காட்சி படத்தின் உச்சம். அத்தகைய கொடுமை உண்மையில் நடந்தது, மறுப்பதற்கில்லை. அதைச் செய்தவர்களுக்கு மன்னிப்பும் இல்லை. ஆனால் அந்தத் தெருவில் கூடியவர்கள் யார்? எந்த ஆலை மூடப்பட்டதால் தெருவுக்கு வந்தவர்கள்? யாருடைய தொலைக்காட்சி அவர்களுடைய கோபத்தை முதலாளியிடமிருந்து அண்டை ஊர்க்காரன் மீது திருப்பியது? கும்பலின் முகம் திரையை நிறைக்கிறது. கும்பலை உருவாக்கிய சூழ்நிலையோ திரைக்கு வெளியே நின்றுவிடுகிறது.

“காணொளிகளில் இருந்தது அதுதானே?” என்று கேட்கலாம். இங்கேதான் இம்முறையின் அடிப்படைக் கோளாறு வெளிப்படுகிறது. கைபேசி வெடிப்பைப் படமெடுக்கும்; ஊதிய நிலுவையைப் படமெடுக்காது. கம்பத்தில் கட்டப்பட்டவனைப் படமெடுக்கும். மூன்று மாதமாக அடுப்பெரியாத வீட்டைப் படமெடுக்காது. இணையத்தில் பதிவேறுவது வாழ்க்கையின் உச்சக்கட்ட வெறித் தருணங்கள் மட்டுமே. அவற்றைப் பொறுக்கி அடுக்கிய படம், பொறுக்கியவரின் தேர்வுக்கு முன்பாகவே கைபேசியின் தேர்வுக்கும் கட்டுப்பட்டுவிடுகிறது. ஒவ்வொரு துண்டும் உண்மை. தொகுப்பு அரை உண்மை.

எங்கெல்ஸ் ஹார்க்னஸின் நாவலில் கண்ட குறையும் இதுவே. உழைக்கும் வர்க்கம் தனக்குத் தானே உதவ முடியாத, உதவிக்கொள்ள முயலாத ஒரு கூட்டமாக அதில் வருகிறது என்றார் அவர். 130 ஆண்டுகளுக்குப் பின் அதே குறை, செயலற்ற கூட்டத்துக்குப் பதிலாகக் கொடிய கூட்டம் என்ற புதிய வடிவில் திரும்பி வந்திருக்கிறது.

அந்தத் தொழிலாளர்கள் உண்மையில் அப்படித்தான் இருந்தார்களா? ‘லுகான்ஸ்க் மக்கள் குடியரசு’ என்று அழைக்கப்பட்ட பகுதியின் அந்த்ராசைட் நகரில், 2020 ஜூன் மாதம் கொம்சொமோல்ஸ்கயா சுரங்கத் தொழிலாளர்கள் ஊதிய நிலுவைக்காக நிலத்தடியிலிருந்து மேலேவர மறுத்துப் போராடினார்கள். ‘மக்கள்’ ஆட்சி அவர்கள்மீது அடக்குமுறையை ஏவியது. அதே ஆண்டு செப்டம்பரில், போர்முனைக்கு மறுபுறம், கீவ் அரசின் ஆட்சியிலுள்ள கிரிவி ரி நகரில் இரும்புத்தாதுச் சுரங்கத் தொழிலாளர்கள் அதே போல் நிலத்தடியில் தங்கி ஒரு மாதத்துக்கும் மேலாகப் போராடினார்கள். ‘டான்பாஸ்’ படம் எடுக்கப்பட்ட ஊரே அந்தக் கிரிவி ரிதான். கேமரா நின்ற தெருக்களின் அடியில், எல்லைக்கு இருபுறமும் ஒரே வர்க்கம் ஒரே முறையில் போராடக் காத்திருந்தது. கேமரா கீழே பார்க்கவில்லை.

இரண்டு கூட்டங்கள்

கூட்டத்தை வேறு விதமாகக் காட்ட லோஸ்னித்சாவுக்குத் தெரியாது என்று சொல்வதற்கில்லை. 2014இல் வெளிவந்த அவருடைய ‘மைதான்’ ஆவணப்படமே சான்று. மைதான் என்றால் சதுக்கம். தமிழில் மைதானம் என்று வழங்கும் சொல்லின் உடன்பிறப்பு. 2013 நவம்பரில் கீவ் நகரச் சதுக்கத்தில் தொடங்கி, 2014 பிப்ரவரியில் அதிபர் யானுகோவிச்சின் வீழ்ச்சியில் முடிந்த எழுச்சியை அப்படம் பதிவுசெய்கிறது. அசையாத கேமரா, நீண்ட காட்சிகள். ரொட்டி நறுக்கும் கைகள், தேநீர் ஊற்றுபவர்கள், சேர்ந்து பாடுபவர்கள், தீயின் முன் கல் சுமப்பவர்கள். தனி நாயகன் இல்லை, மக்களே நாயகர். அங்கே கூட்டத்துக்குக் கண்ணியம் இருக்கிறது, பாட்டு இருக்கிறது, துக்கம் இருக்கிறது.

கீவில் கூடினால் மக்கள். டோனெட்ஸ்கில் கூடினால் கும்பல். ஒரே இயக்குநரின் கண்ணில் இந்தப் பிளவு எப்படி விழுந்தது? ‘மைதான்’ படம் அந்த மேடைக்குப் பின்னால் நின்ற தேசியவெறி அமைப்புகளைப் பற்றியும், ஆட்சி மாற்றத்தில் வாஷிங்டனும் பிரசல்ஸும் காட்டிய ஆர்வத்தைப் பற்றியும் கேள்வி எழுப்பவில்லை. ‘டான்பாஸ்’ படமோ மாஸ்கோவின் கையைத் தவிர வேறு காரணத்தைத் தேடவில்லை. 2014 ஏப்ரல் முதல் 2021 இறுதி வரை அந்தப் போரில் 14,000க்கும் மேற்பட்டோர் மாண்டதாகவும், அவர்களில் குறைந்தது 3,400 பேர் பொதுமக்கள் என்றும் ஐ.நா. மனித உரிமை அலுவலகம் கணக்கிட்டது. இந்த மரணங்களில் இரு தரப்புப் பீரங்கிகளுக்கும் பங்குண்டு. ‘டான்பாஸ்’ படத்தில் நிலவறைக் காட்சி ஒன்று உண்டு. தன்னை அழைத்துப்போக வந்த வசதியான மகளுடன் செல்ல மறுத்து, ஈரமும் இருளும் நிறைந்த அந்த அறையிலேயே இருந்துவிடுகிறாள் ஒரு தாய். அங்கே மட்டும் ஒரு கணம் கும்பல் மறைந்து மக்கள் தெரிகிறார்கள். அந்தக் கணம் நீண்டிருந்தால் அது வேறொரு படமாக இருந்திருக்கும்.

வெளியேற்றப்பட்ட கலைஞன்

இத்தனைக்குப் பிறகும் லோஸ்னித்சாவை ‘நேட்டோவின் கூலிக் கலைஞர்’ என்பது அவதூறு. 2021இல் அவர் எடுத்த ‘பாபி யார்: பின்புலம்’ 1941 செப்டம்பர் 29, 30 ஆகிய இரு நாள்களில் கீவ் நகருக்கு வெளியே நாஜிகள் 33,771 யூதர்களைச் சுட்டுக் கொன்றதை நினைவூட்டியது; ஜெர்மானியப் படையை வரவேற்ற உள்ளூர்க் கூட்டங்களையும், யூதர்களைத் தெருவில் அடித்து இழுத்துச் சென்றவர்களையும் ஆவணக் காட்சிகளாக முன்வைத்தது. உக்ரைன் தேசியவாதிகளுக்கு அது கசந்தது.

2022 பிப்ரவரி இறுதியில், ரஷ்யப் படையெடுப்பை ஐரோப்பியத் திரைப்பட அகாதமி போதிய அழுத்தத்துடன் கண்டிக்கவில்லை என்று கூறி அதிலிருந்து லோஸ்னித்சா விலகினார். சில வாரங்களிலேயே, மார்ச் மாதத்தில், உக்ரைன் திரைப்பட அகாதமி அவரை வெளியேற்றியது. போரை எதிர்க்கும் ரஷ்யக் கலைஞர்களின் படங்களையும் சேர்த்து ஒட்டுமொத்தமாகத் தடை செய்வதை அவர் ஏற்க மறுத்ததே குற்றம். கடவுச்சீட்டைக் கொண்டு மனிதர்களை மதிப்பிடலாகாது என்பது அவருடைய நிலை. தம்மை உலகக் குடிமகன் என்று அவர் கூறிக்கொண்டதும் குற்றப்பட்டியலில் சேர்ந்தது. ஸ்டாலின் காலத்தின் பிற்பகுதியில் யூத அறிஞர்கள்மீது வீசப்பட்ட அதே வசைச்சொல் இது என்று அவர் பதிலளித்தார். கம்யூனிசத்தின் சின்னங்களைச் சட்டமியற்றி அகற்றிய நாட்டில், அந்தக் காலத்தின் மிக மோசமான வசை மட்டும் பத்திரமாக எஞ்சியிருக்கிறது.

ரஷ்ய அரசின் போரை எதிர்ப்பதும், ரஷ்ய மக்களைப் பகைவராக்க மறுப்பதும் ஒருங்கே சாத்தியம் என்று நின்றவர் அவர். சர்வதேசியம் பேசும் இடதுசாரிகள் இந்த இடத்தில் அவருக்குத் தோள் கொடுக்க வேண்டும். படத்தை விமர்சிக்கும் உரிமையும் தடையை எதிர்க்கும் கடமையும் ஒன்றையொன்று மறுப்பவை அல்ல.

மற்றொரு கண்

டான்பாஸை வேறு விதமாகப் பார்க்க முடியும் என்பதற்கு அடுத்த ஆண்டே ஒரு சான்று வந்தது. வாலன்டின் வாசியானோவிச் இயக்கிய ‘அட்லாண்டிஸ்’ 2019 வெனிஸ் விழாவின் ‘ஒரிசோந்தி’ பிரிவில் சிறந்த படமாகத் தேர்வுபெற்றது. போர் முடிந்து ஓராண்டு கழிந்த 2025ஆம் ஆண்டில் கதை நடக்கிறது. போரிலிருந்து திரும்பிய ஒருவன் உருக்காலையில் வேலை பார்க்கிறான், ஆலை மூடப்படுகிறது. சுரங்க நீரால் நஞ்சேறிய மண்ணில் தண்ணீர் வண்டி ஓட்டுகிறான். பிறகு, புதைந்துகிடக்கும் போர்ப் பிணங்களைத் தோண்டி எடுத்து அடையாளம் காணும் குழுவில் சேர்கிறான். முதன்மைப் பாத்திரங்களில் தொழில்முறை நடிகர்கள் இல்லை. அந்தப் போரை நேரில் அறிந்தவர்களே நடித்தார்கள்.

வாசியானோவிச்சும் இடதுசாரி அல்லர். போரில் தம் நாட்டின் பக்கம் நிற்பவர். ஆயினும் அவருடைய கேமரா உழைப்பைப் பார்க்கிறது. ஆலை மூடல், நஞ்சேறிய நீர், பிணம் தோண்டும் வேலை ஆகிய மூன்றும் ஒரே சங்கிலியின் கண்ணிகள் என்று காட்டுகிறது. தோண்டி எடுக்கப்படும் பிணம் எந்தப் பக்கத்துச் சீருடை அணிந்திருந்தாலும் அதே பொறுமையுடன் அங்கம் அங்கமாகப் பதிவு செய்யப்படுகிறது. லோஸ்னித்சா எள்ளலுடன் விலகி நின்ற இடத்தில் வாசியானோவிச் துக்கத்துடன் குனிகிறார். அப்படம் எடுக்கப்பட்ட மரியுபோல் நகரின் உருக்காலைகள் 2022 முற்றுகையில் சிதைந்தன.

சொல்லின் பாரம்

‘டான்பாஸ்’ படத்தில் ஒரு ஜெர்மானியச் செய்தியாளரை ஆயுதக் குழுவினர் வழிமறிக்கிறார்கள். அவர் பாசிஸ்ட் என்கிறார்கள். அவர் இல்லையென்றால் அவருடைய தாத்தாவாவது பாசிஸ்டாக இருந்திருப்பார் என்று சிரிக்கிறார்கள். கோடிக்கணக்கான சோவியத் மக்களின் இரத்தத்தால் பொருள் பெற்ற ஒரு சொல், சோதனைச் சாவடியில் வேடிக்கைக்கான வசையாகச் சுருங்குகிறது. இந்தக் காட்சிக்கு நான்கு ஆண்டுகளுக்குப் பின், ‘நாஜி நீக்கம்’ என்ற பெயரில் புதின் படையெடுத்தார். அதற்கு மூன்று நாள்களுக்கு முன் ஆற்றிய உரையில், உக்ரைனை உருவாக்கிய குற்றத்துக்காக லெனினைப் பழித்தவரும் அவரேதான். தேசங்களின் சுயநிர்ணய உரிமையை ஏற்ற லெனினைப் பழிப்பதில் கிரெம்ளினும், அவருடைய சிலைகளை அகற்றிய கீவும் ஒன்றுபட்டு நிற்கின்றன. இந்தப் படையெடுப்பைப் ‘பாசிச எதிர்ப்புப் போர்’ என்று நம்பும் இடதுசாரிகள் லோஸ்னித்சாவின் அந்த ஒரு காட்சிக்கேனும் பதில் சொல்ல வேண்டும். கிழக்கு நோக்கி விரிந்துகொண்டே வந்த நேட்டோவின் குற்றம் புதினின் குற்றத்தைக் கழுவாது. புதினின் குற்றம் நேட்டோவையும் தூய்மையாக்காது.

‘நடந்த உண்மை’ என்ற கேடயம் இந்தியாவுக்கும் புதிதன்று. ‘டான்பாஸ்’ தங்க மயில் பெற்ற அதே கோவா விழாவில், 2022 நவம்பரில், நடுவர் குழுத் தலைவர் நடாவ் லாப்பிட் ‘தி காஷ்மீர் ஃபைல்ஸ்’ படத்தைப் பிரச்சாரப் படம் என்று மேடையிலேயே சாடினார். உடனே எழுந்த எதிர்ப்புக் குரல்கள் சொன்னதும் “நடந்ததைத்தானே காட்டினோம்” என்பதே. லோஸ்னித்சாவை அந்தப் படத்தோடு ஒரே தட்டில் வைப்பது அநீதி. அவர் வெறுப்பை விற்கவில்லை, பொய்யை விற்பவர்களையே தோலுரித்தார். ஆனால் நடந்த கொடுமைகளை அவற்றின் காரணங்களிலிருந்து பெயர்த்தெடுத்து அடுக்கும் முறை நேர்மையான கலைஞன் கையிலேயே இத்தனை பிழைபடும் என்றால், நேர்மையற்றவர் கையில் அது ஒரு முழுச் சமூகத்தையே குற்றவாளிக் கூண்டில் ஏற்றிவிடும்.

ஆகவே ‘டான்பாஸ்’ பார்க்கப்பட வேண்டிய படம். பார்த்த பின் விவாதிக்கப்பட வேண்டிய படம். அரசுகள் எப்படிப் பொய்யை உற்பத்தி செய்கின்றன என்பதை அதனிடம் கற்கலாம். அந்தப் பொய்க்கு இரையாகும் மக்கள் யார், அவர்களுடைய வேலையும் கூலியும் எங்கே போயின என்பதை அதனிடம் கற்க முடியாது. அந்த்ராசைட்டிலும் கிரிவி ரியிலும் ஒரே ஆண்டில் நிலத்தடிக்குள் அமர்ந்து போராடியவர்களைப் பற்றிய படம் இன்னும் எடுக்கப்பட வேண்டியிருக்கிறது. போர்முனையின் இருபுறத்தையும் அவர்களுடைய கண்ணால் பார்க்கும் படமே இந்தப் போரைப் பற்றிய யதார்த்தப் படமாக இருக்கும்.